கொழும்பில் மேடைப் பகிடியைத் தொழிலாகக் கொள்ள விரும்பும் கலப்புக் குடும்பத்துப் பிள்ளைகள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

என்னுடைய தந்தை ஐரோப்பியர் வழிவந்த மட்டக்களப்புப் பறங்கியர். தாய் வடமராட்சித் தமிழர். நான் கொட்டாஞ்சேனையில் பிறந்து, தமிழ்மொழி மூலம் படித்து, ஒன்பது ஆண்டுகளாகக் கொழும்பு மேடைகளில் தனியாக நின்று பகிடி சொல்லி வருகிறேன்; ஆங்கிலத்தில் இதை 'ஸ்டாண்ட் அப்' என்பார்கள். நிகழ்ச்சி முடிந்த பின்னர் மண்டப வாசலில் காத்திருந்து பேசும் இளையவர்களிற் பலர் என்னைப் போலவே இரண்டு மூன்று இனங்களின் வழிவந்தவர்கள். அவர்கள் திரும்பத் திரும்பக் கேட்பவற்றுக்கு வாசலில் நின்றபடி அரைகுறையாகச் சொன்ன பதில்களை இங்கே முழுமையாக எழுதியிருக்கிறேன்.

ஸ்டாண்ட் அப் என்பது ஈழத்துத் தமிழருக்கு முற்றிலும் புதிய கலையா?

இல்லை. கே. எஸ். பாலச்சந்திரன் 'அண்ணை றைற்' என்ற தனிநடிப்பில் பஸ் நடத்துநராக வந்து, வெறும் மேடையில், தன் குரலையும் உடலையும் மட்டும் கொண்டு, பயணிகள் நிறைந்த ஒரு யாழ்ப்பாணத்து பஸ்ஸையே நம் கண் முன்னால் ஓட்டிக் காட்டினார். ஒரே ஆள், ஒரே ஒலிவாங்கி, எதிரே சிரிக்கக் காத்திருக்கும் கூட்டம் என்ற அமைப்பு அன்றே நம்மிடம் இருந்தது. அவர் 2014இல் கனடாவில் காலமானார். இந்தத் தொழிலுக்கு வரும் எவரும் அவருடைய தனிநடிப்புகளைத் தேடிக் கேட்க வேண்டும் என்பது என் விருப்பம்.

ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. தனிநடிப்பில் கலைஞர் ஒரு பாத்திரத்தை அணிந்துகொண்டு பேசுகிறார். ஸ்டாண்ட் அப் மேடையில் நிற்பவர் தன் சொந்தப் பெயரில், தன் வீட்டைப் பற்றி, தன் அபிப்பிராயத்தைச் சொல்கிறார். ஆகவே 'இவர் யார், எந்த ஊர், யாருடைய பிள்ளை' என்ற கேள்வி அவையினரின் மனத்தில் முதல் நிமிடத்திலேயே எழுந்துவிடுகிறது.

கலப்புக் குடும்பத்திற் பிறந்தது இந்தத் தொழிலுக்கு உதவுமா?

உதவும். ஆனால் பெரும்பாலானோர் எதிர்பார்க்கும் இடத்தில் அது உதவுவதில்லை.

நம் நாட்டில் ஒருவரை முதன்முதலாகச் சந்திக்கும்போது ஊரைக் கேட்கிறோம். பல தசாப்தங்களாக வழக்கிலிருந்த பிறப்புச் சான்றிதழ்ப் படிவத்தில் தந்தையின் இனத்துக்கு ஒரு கூடும் தாயின் இனத்துக்கு ஒரு கூடும் இருந்தன. குடிசன மதிப்பீடோ ஒருவரை ஒரே இனத்தின் கீழ் எண்ணிவிடுகிறது. 2012ஆம் ஆண்டின் கணக்கெடுப்பில் பறங்கியர் சுமார் 38,000 பேர், அதாவது நாட்டின் சனத்தொகையில் ஏறத்தாழ 0.2 சதவீதம். அப்படிப்பட்ட சிறு கூட்டத்தின் குடும்பப் பெயரைக் கொண்ட ஒருவர் வெள்ளவத்தை மண்டபமொன்றில் வடமராட்சிப் பேச்சில் வாய் திறந்தால், அவையினர் ஒரு கணம் திகைக்கிறார்கள். அந்தத் திகைப்பு பிறப்பால் கிடைத்த கொடை. அது ஒரு கணத்துக்கு மேல் நிற்காது. முதல் ஆண்டு முழுவதும் 'நான் பாதி இது, பாதி அது' என்பதையே பதினைந்து நிமிடம் பேசிக்கொண்டிருந்தேன். மூன்றாம் நிமிடத்துக்குப் பின்னர் சிரிப்பு வற்றிவிடும். பிறப்பு ஒரு செய்தி மட்டுமே. அதிலிருந்து பகிடியை நாம்தான் செய்ய வேண்டும் என்பது அப்போது எனக்கு விளங்கவில்லை.

உண்மையான அனுகூலம் காதிலே இருக்கிறது. எங்கள் வீட்டில் அம்மா 'பேந்து வாறன்' என்பார். அப்பா 'மறுகா பாப்பம்' என்பார். தெருவில் நாங்கள் 'பிறகு' என்போம். மூன்றும் ஒரே பொருள். இப்படி வளர்ந்த பிள்ளைக்கு, எந்தச் சொல்லைக் கேட்டு யார் சிரிப்பார், எந்தச் சொல் யாருடைய மனத்தைச் சுடும் என்ற கணக்கு, எழுத்துக் கூட்டி வாசிக்க முன்னரே வந்துவிடுகிறது. பகிடி சொல்பவருக்கு இதைவிடப் பெரிய முதல் கிடையாது. தென்னாபிரிக்காவின் நகைச்சுவைக் கலைஞர் ட்ரெவர் நோவா, சோசா இனத் தாய்க்கும் சுவிட்சர்லாந்துத் தந்தைக்கும் 1984இல் ஜோகன்னஸ்பேர்க்கில் பிறந்தவர். அத்தகைய உறவையே சட்டம் குற்றமாக்கியிருந்த காலம் அது. அவருடைய நிகழ்ச்சிகளைப் பார்க்கும்போது தோலின் நிறத்தைக் கவனிப்பதை விட்டுவிட்டு, அவர் எத்தனை மொழிகளையும் குரல்களையும் எந்த இடத்தில் மாற்றுகிறார் என்று கவனியுங்கள். சிறு வயதிலேயே பல மொழிகளுக்கிடையில் வாழ நேர்ந்த ஒருவரின் காது அங்கே வேலை செய்வதைக் காணலாம்.

தமிழிலா, ஆங்கிலத்திலா, சிங்களத்திலா பேசுவது?

வீட்டில் எந்த மொழியில் சண்டை பிடிக்கிறீர்களோ அந்த மொழியில் தொடங்குங்கள். கோபத்தில் நாம் சொல் தேடுவதில்லை. மேடையிலும் அந்த வேகம் தேவை.

கொழும்பில் ஆங்கில நிகழ்ச்சிக்கு எல்லா இனத்தவரும் வருகிறார்கள். அங்கே சூழ்நிலையை அடிப்படையாகக் கொண்ட பகிடிகள் செல்லும், சொல்லை அடிப்படையாகக் கொண்டவை செல்லா. 'பேந்து', 'மறுகா' பகுதியை ஆங்கில அவையில் ஒருமுறை விளக்கத்தோடு சொன்னேன். விளக்கி முடித்தபோது சொல்வதற்கு எதுவும் மிஞ்சியிருக்கவில்லை. மாறாக, தமிழும் ஆட்சிமொழி என்று 1987ஆம் ஆண்டின் அரசியலமைப்புக்கான 13ஆவது திருத்தம் சொன்ன பின்னரும், ஓர் அலுவலகத்தில் சிங்களத்தில் மட்டும் அச்சிட்ட படிவத்தை வைத்துக்கொண்டு வரிசையில் நிற்கும் அனுபவத்தைத் தமிழவையில் சொன்னால், முதல் வாக்கியம் முடிவதற்குள் மண்டபம் முழுவதும் அந்த வரிசைக்கு வந்து சேர்ந்துவிடும்.

மூன்று மொழியும் தெரிந்தவர் மூன்றையும் ஒரே நிகழ்ச்சியில் கலக்க ஆசைப்படுவது இயல்பு. அதற்கு அவசரம் வேண்டாம். கலந்தால் எல்லாருக்கும் விளங்கும் சொற்களைக் கொண்டு கலக்குங்கள். 'மச்சான்' அப்படியொரு சொல்: தமிழில் உறவுமுறையாக இருந்தது, சிங்கள இளைஞர்களின் வாயில் நண்பனை அழைக்கும் சொல்லாகி, இப்போது கொழும்புத் தெருவில் எவரும் எவரையும் அழைக்கும் சொல்லாக வாழ்கிறது. இரு தரப்பினரும் அது தங்களுடைய சொல் என்றே நம்புகிறார்கள். அந்த நம்பிக்கையிலேயே எழுதுவதற்கு நிறைய இருக்கிறது.

முதல் ஐந்து நிமிடத்தை எப்படி எழுதுவது?

இதை ஓர் உதாரணத்தால்தான் விளக்க முடியும்.

அம்மாவின் தமையனார், எங்கள் பெரிய மாமா, என்னைச் சிறு வயதில் 'பறங்கிப் பெடியன்' என்றே கூப்பிடுவார். அந்த அழைப்பை வைத்து ஒரு பகுதி எழுதினேன். முதல் வடிவத்தில் எனக்கு ஏற்பட்ட மனவருத்தத்தை நேரடியாகச் சொன்னேன். ஒருவரும் சிரிக்கவில்லை, பலர் அனுதாபத்தோடு பார்த்தார்கள். வருத்தம் உண்மைதான்; ஆனால் அவையினருக்குப் பார்ப்பதற்கு ஒரு காட்சி அங்கே இருக்கவில்லை. சில மாதங்கள் கழித்து மாமாவின் வீட்டுக் காலைப் பொழுதை மட்டும் விவரித்தேன். மாமா எழுந்து யன்னலைத் திறக்கிறார். கதிரையை மேசைக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு பாண் சாப்பிடுகிறார். அலுமாரியைத் திறந்து சட்டையை எடுக்கிறார். சப்பாத்தைப் போட்டுக்கொண்டு வாசலுக்கு வந்து, 'டேய் பறங்கி' என்று என்னைக் கூப்பிடுகிறார். யன்னல், கதிரை, மேசை, பாண், அலுமாரி, சப்பாத்து ஆகிய ஆறும் போர்த்துக்கேயரிடமிருந்து நம் தமிழுக்கு வந்த சொற்கள். அவர்கள் 1505இல் வந்து 1658இல் யாழ்ப்பாணத்தையும் இழந்து போய்விட்டார்கள், சொற்கள் போகவில்லை. 'மாமா, உங்களுடைய வீட்டுக்குள்ளே என்னைவிடக் கூடுதலாக இருக்கிறது பறங்கி' என்பது அந்தப் பகுதியின் கடைசி வரி.

இதிலிருந்து மூன்று பாடங்கள் எனக்குக் கிடைத்தன. முதலாவது, சொற்களின் பிறப்பிடத்தை முன்னரே சொல்லிவிட்டால் பகிடி செத்துவிடும்; அவையினர் அந்தப் பொருள்களை வெறும் தளபாடங்களாகவே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். இரண்டாவது, கடைசி வரியின் பாரம் ஒரே சொல்லில் விழ வேண்டும். அதற்குப் பின்னால் ஒரு சொல்லும் வரக்கூடாது. மூன்றாவது, சொந்த அவைக்குத் தெரியாத சொல்லை நுழைக்கக்கூடாது. தொடக்கத்தில் 'சாவி'யையும் சேர்த்திருந்தேன். அதுவும் போர்த்துக்கேயச் சொல்தான். நிகழ்ச்சிக்கு வந்திருந்த ஒரு முதிய அம்மா, 'தம்பி, நாங்கள் திறப்பு எண்டெல்லோ சொல்லுறனாங்கள்' என்றார். அவர் சொன்னது முற்றிலும் சரி. அன்றிரவே அதை நீக்கினேன்.

வேலை முறையைக் கேட்டால்: வாயால் சொல்லிப் பார்த்து, கைத்தொலைபேசியில் பதிந்து, கேட்டு, பின்னர் எழுதுங்கள். சிரிப்பு வந்த இடத்தைக் குறித்துக்கொண்டு, சிரிப்புக்கும் சிரிப்புக்கும் இடையில் உள்ள சொற்களைக் குறைத்துக்கொண்டே போங்கள். எனக்கு ஓர் ஐந்து நிமிடம் உருப்படியாக வர, அதே பகுதியை இருபது முப்பது முறையாவது மேடையில் சொல்ல வேண்டியிருந்தது.

எங்கே மேடை கிடைக்கும்?

உணவகங்களிலும் சிறு அரங்குகளிலும் நடக்கும், எவரும் பெயர் கொடுத்துப் பேசக்கூடிய ஓப்பன் மைக் இரவுகளில் ஐந்து அல்லது ஏழு நிமிடம் தருவார்கள். அவற்றிற் பெரும்பாலானவை ஆங்கிலத்தில் நடக்கின்றன. தமிழுக்கு நாமே ஏற்பாடு செய்ய வேண்டியிருக்கிறது. வெள்ளவத்தையிலுள்ள கொழும்புத் தமிழ்ச் சங்கம், பம்பலப்பிட்டியின் சரஸ்வதி மண்டபம் போன்ற இடங்களுக்குத் தமிழவை பழகியிருக்கிறது. மண்டபம் எடுப்பதற்கு முன்னர் வாடகையோடு ஒலியமைப்புச் செலவையும், நுழைவுச்சீட்டு விற்றால் மாநகர சபைக்குக் கட்ட வேண்டிய கேளிக்கை வரியையும் கணக்கில் எடுங்கள்.

கொழும்பு கில்போர்ட் கிறசன்டில் 1953இல் திறக்கப்பட்ட லயனல் வென்ட் அரங்கில் ஒருநாள் ஒரு முழு மணித்தியால நிகழ்ச்சியைத் தமிழில் செய்ய வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. அந்த அரங்கு யாருடைய பெயரைத் தாங்கி நிற்கிறதோ, அந்தப் புகைப்படக் கலைஞரும் பறங்கியத் தந்தைக்கும் சிங்களத் தாய்க்கும் பிறந்தவர்.

வீட்டாரைப் பற்றி மேடையில் பேசலாமா?

பேசலாம். எனக்கு ஒரு விதி உண்டு: அம்மா வழியாரைப் பற்றிய பகிடியை அப்பா வழியார் நிறைந்த அவையில் சொல்வதற்கு முன்னர், அம்மா வழியார் நிறைந்த அவையிலே சொல்லிப் பார்க்க வேண்டும். அங்கே சிரிப்பு வந்தால் எங்கும் சொல்லலாம். அங்கே சொல்லத் தைரியம் இல்லையென்றால், அது ஒரு தரப்பை மற்றத் தரப்புக்குக் காட்டிக்கொடுப்பதாகும்.

கலப்புக் குடும்பத்துப் பிள்ளைகள் இதில் மற்றவர்களைவிடக் கூடுதலாகக் கவனமாக இருக்க வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன். நமக்கு இரண்டு வீட்டின் அடுக்களையிலும் நுழைய உரிமை தந்திருக்கிறார்கள். ஒரு வீட்டில் கேட்டதை மறு வீட்டாருக்குப் பிடிக்கும் விதத்தில் சொன்னால் எளிதில் கைதட்டல் கிடைக்கும். அப்படிக் கிடைத்த கைதட்டலை ஒருமுறை வாங்கியிருக்கிறேன். முன்வரிசையில் இருந்த சின்னம்மா அன்று என்னோடு பேசாமற் போனதை இன்றும் மறக்கவில்லை. பெரிய மாமாவின் பகுதியை மேடையேற்றுவதற்கு முன்னர் அவருடைய வீட்டுக்கே போய், அதே கதிரையில் இருந்து சொல்லிக் காட்டினேன். அவர் சிரித்ததோடு 'கோப்பையையும் சேர்' என்று சொன்னார்.

பிற இனத்தவரின் பேச்சைப் போலச் செய்துகாட்டலாமா?

இலங்கை வானொலியில் எஸ். ராம்தாஸ் எழுதிய கோமாளிகள் நாடகத்தை நம் பெற்றோர் தலைமுறையினர் வரி தவறாமல் சொல்வார்கள். யாழ்ப்பாணத் தமிழ் பேசும் அப்புக்குட்டியாக டி. ராஜகோபால், முஸ்லிம்களின் தமிழ் பேசும் மரிக்காராக ராம்தாஸ், சிங்கள வாடையோடு தமிழ் பேசும் உபாலியாக எஸ். செல்வசேகரன், ஐயராக பி. எச். அப்துல் ஹமீட் என்று, ஒருவர் மற்றவரின் பேச்சை எடுத்துப் பேசினார்கள். 1976இல் அது திரைப்படமாகவும் வந்தது. ராம்தாஸ் தம் வாழ்நாள் முழுவதும் 'மரிக்கார் ராமதாஸ்' என்றே அழைக்கப்பட்டார்.

அந்த நாடகத்தை மறுபடி கேட்கும்போது நான் கவனிப்பது இதுதான்: நால்வரும் ஒரே கதைக்குள் சமமாக நிற்கிறார்கள், ஒவ்வொருவருக்கும் ஒரு நோக்கமும் ஒரு தந்திரமும் இருக்கின்றன. பேச்சு மட்டுமே பகிடியாக இருக்கவில்லை. அந்த மனிதருக்கு என்ன வேண்டும் என்று உங்களால் சொல்ல முடியாவிட்டால், அவருடைய பேச்சைப் போலச் செய்ய வேண்டாம். குறிப்பாக மலையகத் தமிழரின் பேச்சைக் கொழும்பு வீடுகளில் பரிகசிக்கும் பழக்கம் நீண்ட காலமாக இருந்து வருகிறது. அந்தப் பரிகாசம் பெரும்பாலும் வீட்டு வேலைக்கு வந்த பிள்ளைகளை நோக்கியே இருந்தது. அதை மேடைக்குக் கொண்டுவருவதை நான் வன்மையாக எதிர்க்கிறேன். ஏற்பாட்டாளராக இருக்கும்போது அதற்கு இடம் கொடுப்பதும் இல்லை.

யுத்தத்தைப் பற்றிப் பேச முடியுமா?

முடியும். ஆனால் முதல் ஆண்டில் வேண்டாம். 1983 யூலையைக் கண்டவர்கள், 2009இல் பிள்ளையைத் தொலைத்தவர்கள் எந்த அவையிலும் இருக்கக்கூடும் என்ற நினைவோடு எழுதுவதற்குப் பயிற்சி வேண்டும்.

சிறுவனாக நான் கண்ட ஒன்றை மட்டும் மேடையில் சொல்கிறேன். சோதனைச் சாவடியில் பஸ்ஸை நிறுத்தி அடையாள அட்டைகளைப் பார்ப்பார்கள். அப்பாவின் பெயரைப் பார்த்தவுடன் அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். அம்மாவின் அட்டையில் பிறந்த இடம் வடக்கிலுள்ள பருத்தித்துறை. அம்மா இறங்க வேண்டும். நான் அவர்கள் இருவருக்கும் நடுவில், ஒரே ஆசனத்தில் இருக்கிறேன். என்னை இறக்குவதா விடுவதா என்று அங்கே நின்றவருக்குத் தெரியவில்லை. அவையினர் சிரிப்பது அந்த நடைமுறையின் குழப்பத்தைப் பார்த்து. அம்மா இறங்கி நின்ற அந்த நேரத்தை நான் பகிடியாக்குவதில்லை. அதைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்தி, சிரிப்புக்கு இடம் விடாமல் கடந்து செல்கிறேன்.

சட்டச் சிக்கல் வருமா?

வரக்கூடும். 2023 மே மாதத்தில், நகைச்சுவைக் கலைஞர் நதாஷா எதிரிசூரிய தம் நிகழ்ச்சியில் பௌத்தத்தை அவமதித்தார் என்ற முறைப்பாட்டின் பேரில் கட்டுநாயக்க விமான நிலையத்தில் கைது செய்யப்பட்டார். 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்க ஐ.சி.சி.பி.ஆர். (குடியியல், அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேச உடன்படிக்கை) சட்டத்தின் கீழ் அவருக்கெதிராக நடவடிக்கை எடுக்கப்பட்டது. அச்சட்டத்தின் கீழ் மேல் நீதிமன்றமே பிணை வழங்க முடியும். ஆகவே யூலை 5ஆம் திகதி கொழும்பு மேல் நீதிமன்றம் பிணை வழங்கும் வரை, ஒரு மாதத்துக்கும் மேலாக அவர் சிறையில் இருந்தார். மக்களிடையே வெறுப்பைத் தூண்டுவதைத் தடுப்பதற்காக வந்த சட்டம் ஒரு பகிடிக்கு எதிராகப் பயன்பட்டது எனக்கு ஆழ்ந்த கவலையைத் தருகிறது. 2024இல், இணையத்தில் இடுபவற்றைக் கட்டுப்படுத்தும் நிகழ்நிலைக் காப்புச் சட்டமும் வந்துவிட்டது.

நடைமுறையில் நான் செய்வது: நிகழ்ச்சியை முழுமையாகப் பதிந்து வைத்திருக்கிறேன், ஒரு நிமிடத் துண்டாக வெட்டி இணையத்தில் இடும்போது, முன்பின் இல்லாமல் அது எப்படிக் கேட்கும் என்று வேற்று மதத்தவர் ஒருவரிடம் காட்டிய பின்னரே இடுகிறேன்.

இதை நம்பிப் பிழைக்கலாமா?

முதற்சில ஆண்டுகளுக்கு இயலாது. நுழைவுச்சீட்டுப் பணம் மண்டப வாடகையைத் தாண்டினாலே நல்ல இரவு. நிறுவனங்களின் ஆண்டிறுதி ஒன்றுகூடல்கள், திருமண வரவேற்புகளை நடத்திக் கொடுத்தல், விளம்பரங்களுக்குக் குரல் கொடுத்தல், வானொலி வேலை ஆகியவற்றாலேயே நம்மிற் பலர் வாழ்கிறோம். மூன்று மொழி தெரிந்தவருக்கு இந்த வேலைகள் சற்று எளிதாகக் கிடைக்கின்றன. இங்கிலாந்தில் பெயர்பெற்ற நகைச்சுவைக் கலைஞர் ரொமேஷ் ரங்கநாதன், இலங்கைத் தமிழ்ப் பெற்றோரின் மகன், முழுநேரமாக இதற்கு வருமுன் பாடசாலையில் கணித ஆசிரியராக இருந்தவர். இருக்கும் உத்தியோகத்தை அவசரப்பட்டு விட்டுவிடாதீர்கள்.

அவையினர் சிரிக்காவிட்டால்?

நேரத்துக்கு முடித்துவிட்டு, நன்றி சொல்லி இறங்குங்கள். அவையினரைக் குறை சொல்லாதீர்கள்.

பெண்களுக்கு இடமுண்டா?

திறமையைப் பொறுத்தவரை எந்தக் குறையும் இல்லை. தடையாக இருப்பவை இரவு பத்து மணிக்குப் பின்னர் வீடு திரும்பும் பயணமும், 'பெண்பிள்ளை மேடையில் நின்று பகிடி விடுவதா' என்று கேட்கும் உறவினரும். கலப்புக் குடும்பத்துப் பெண் இரண்டு பக்கத்து உறவினருக்கும் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. ஏற்பாட்டாளர்கள் பெண் கலைஞர்களை நிகழ்ச்சியின் முற்பகுதியில் பேச வைக்கலாம், போக்குவரத்துச் செலவைக் கொடுக்கலாம். நாங்கள் அப்படிச் செய்யத் தொடங்கிய பின்னர் பேச வரும் பெண்களின் தொகை கூடியது.

மேடைக்காகப் பெயரை மாற்றிக்கொள்ள வேண்டுமா?

என்னிடம் பலர் சொன்னார்கள், தமிழ் நிகழ்ச்சிக்குத் தமிழ்ப் பெயரும் ஆங்கில நிகழ்ச்சிக்கு என் குடும்பப் பெயரும் வைத்துக்கொள்ளும்படி. நான் இரண்டிலும் ஒரே பெயரையே வைத்திருக்கிறேன். அம்மா வைத்த பெயர் முன்னால், அப்பாவின் குடும்பப் பெயர் பின்னால். அறிவிப்பாளர்கள் ஒன்றைச் சரியாகச் சொல்லி மற்றதைத் தடுமாறிச் சொல்வது வழக்கமாக இருந்தது. இப்போது நிகழ்ச்சிக்கு அரை மணித்தியாலம் முன்னதாகப் போய், அறிவிப்பாளர் எந்த எழுத்தை வாசிப்பாரோ அந்த எழுத்தில் முழுப் பெயரையும் ஒரு துண்டுக் கடுதாசியில் எழுதிக் கொடுத்து, இரண்டு முறை வாய்விட்டுச் சொல்லச் சொல்லிக் கேட்ட பின்னரே மேடைக்குப் பின்னால் போகிறேன்.